மறைந்த கணிப்பொறி, மறையாத விளையாட்டு

பழைய கிராமபோன் இசைத்தட்டு ஒன்று உங்கள் வீட்டுப் பரணில் கிடைக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தட்டில் ஒரு கீறல்கூட இல்லை. பாட்டு முழுவதும் அதில் பத்திரமாக இருக்கிறது. ஆனால் உங்களால் அதைக் கேட்க முடியாது. ஏன்? தட்டைச் சுழற்றும் இயந்திரம் வீட்டில் இல்லை. பாட்டு இருக்கிறது, பாடத்தான் ஆள் இல்லை!

கணிப்பொறி நிரல்களின் கதியும் இதுதான். நிரல் என்பது 0, 1 என்ற இரண்டே குறிகளின் நீண்ட வரிசை. காகிதத்தைப்போல அது மக்கிப் போவதில்லை. சரியாகப் படியெடுத்து வந்தால் ஐம்பது ஆண்டுகளுக்குப் பிறகும் ஓர் எழுத்து மாறாது. ஆயினும் அந்த வரிசைக்குத் தனியாகப் பொருள் கிடையாது. குறிப்பிட்ட ஓர் இயந்திரம் படித்தால்தான் அது 'கூட்டு', 'கழி', 'திரையில் காட்டு' என்ற கட்டளைகளாக மாறும். அந்த இயந்திரம் உலகிலிருந்து மறைந்துவிட்டால்?

நிரல் ஊமையாகிவிடும் என்றுதான் நினைப்போம். ஆனால் 1970-களில் பிடிபி-10 என்ற பெரிய கணிப்பொறிக்காக எழுதப்பட்ட 'அட்வெஞ்சர்' என்ற விளையாட்டை இன்று மடிக்கணிப்பொறியில் விளையாட முடிகிறது. பிடிபி-10 வரிசையை அதைத் தயாரித்த டெக் நிறுவனம் 1983-இல் கைவிட்டது. அந்த நிறுவனமே 1998-இல் வேறொரு நிறுவனத்தின் கைக்குப் போய்விட்டது. இயந்திரம் போனபின் விளையாட்டு மட்டும் எப்படிப் பிழைத்தது? அதைத்தான் இப்போது பார்க்கப் போகிறோம்.

குகையில் பிறந்த விளையாட்டு

அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் மாமத் குகை இருக்கிறது. உலகில் இதுவரை அறியப்பட்ட குகைகளில் இதுவே மிக நீளமானது. அளந்து வரைபடமாக்கிய பாதைகளின் நீளம் மட்டும் 680 கிலோமீட்டருக்கு மேல்! இந்தக் குகைகளுக்குள் தவழ்ந்தும் நெளிந்தும் சென்று அளவெடுத்தவர்களுள் வில் க்ரௌதர் என்பவரும் ஒருவர். தொழிலால் அவர் ஒரு நிரலாளர். இன்றைய இணையத்துக்கு முன்னோடியான ஆர்ப்பாநெட் வலையமைப்பை உருவாக்கியவர்களுள் அவருக்கும் இடம் உண்டு.

1975-76 வாக்கில் க்ரௌதர் தம் இரண்டு பெண்குழந்தைகளுக்காக ஒரு விளையாட்டை எழுதினார். அதில் படமே கிடையாது. கணிப்பொறி ஓர் இடத்தைச் சொற்களால் வருணிக்கும். நீங்கள் ஒரு சொல்லோ இரண்டு சொற்களோ தட்ட வேண்டும்: வடக்கே போ, விளக்கை எடு, கதவைத் திற என்பதுபோல. கணிப்பொறி அதைச் செய்து, அடுத்து நீங்கள் காண்பதைச் சொல்லும். விளையாட்டில் வரும் குகை, க்ரௌதர் நேரில் அறிந்த குகையின் ஒரு பகுதியையே பெரும்பாலும் ஒத்திருந்தது. ஃபோர்ட்ரான் என்ற மொழியில் சுமார் 700 வரிகள், இடங்களையும் சொற்களையும் தரும் தகவல் சுமார் 700 வரிகள், அவ்வளவுதான் மொத்தமும்.

இதன் படி ஒன்று வலையமைப்பின் வழியே பயணம் செய்து ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம்வரை போய்ச் சேர்ந்தது. அங்கே டான் உட்ஸ் என்ற மாணவர் அதைக் கண்டார். இதை விரிவாக்கினால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. ஆனால் எழுதியவரின் பெயர்தான் தெரியும்; முகவரி தெரியாது. அவர் என்ன செய்தார் தெரியுமா? அப்போது வலையமைப்பில் இருந்த கணிப்பொறிகளுக்கெல்லாம் 'க்ரௌதர்' என்ற பெயருக்கு மின்னஞ்சல் அனுப்பினார்! பதில் வந்தது, அனுமதியும் வந்தது. 1977-இல் உட்ஸ் விரிவாக்கிய விளையாட்டு வெளிவந்தது. அதில் பெறக்கூடிய அதிகபட்ச மதிப்பெண் 350.

ஐந்தெழுத்தின் மர்மம்

இந்த விளையாட்டில் ஒரு விசித்திரம் உண்டு. நீங்கள் எவ்வளவு நீளமான சொல்லைத் தட்டினாலும் அது முதல் ஐந்து எழுத்துக்களை மட்டுமே பார்க்கும். வடக்கைக் குறிக்கும் 'நார்த்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு ஐந்து எழுத்து. வடகிழக்கைக் குறிக்கும் 'நார்த்ஈஸ்ட்' என்ற சொல்லின் முதல் ஐந்து எழுத்துக்களும் அவையேதான். ஆகவே வடகிழக்கே போக நினைத்தவர் முழுச் சொல்லைத் தட்டினால் வடக்கே போய் நிற்பார்! அதனால் வடகிழக்குக்கு 'என்-ஈ' என்ற இரண்டெழுத்துச் சுருக்கத்தைத் தட்டும்படி விளையாட்டே சொல்லிக் கொடுக்கிறது.

நான்கு எழுத்து இல்லை, ஆறும் இல்லை. அதென்ன ஐந்து? விடை பிடிபி-10 இயந்திரத்தின் வயிற்றுக்குள் இருக்கிறது.

கணிப்பொறியின் நினைவகம் ஒரே அளவுள்ள பெட்டிகளின் வரிசை. 0 அல்லது 1 என்ற ஒரு குறியைத்தான் 'பிட்' என்கிறோம். பிடிபி-10-இன் ஒரு பெட்டியில் 36 பிட்டுகள் அடங்கும். அந்தக் காலத்தில் ஓர் ஆங்கில எழுத்தைக் குறிக்க 7 பிட்டுகள் போதும். ஐந்து ஏழு முப்பத்தைந்து. ஒரு பிட் மிச்சம். ஆக, ஒரு பெட்டிக்குள் ஐந்து எழுத்துக்கள் கச்சிதமாக உட்காரும், ஐந்தடுக்கு டிபன் கேரியரில் ஐந்து பதார்த்தங்கள் உட்காருவதுபோல. முதல் பெட்டியை மட்டும் ஒப்பிட்டால் வேலை முடிந்தது, நிரலும் எளிதாயிற்று.

இப்போது இதே நிரலை ஐபிஎம் 370 போன்ற வேறொரு கணிப்பொறிக்குக் கொண்டுபோங்கள். அதன் பெட்டியில் 32 பிட்டுகள். ஓர் எழுத்துக்கு 8 பிட்டுகள். நாலெட்டு முப்பத்திரண்டு. கேரியரில் நான்கே அடுக்குகள்! ஐந்தாவது எழுத்து வெளியே நிற்கிறது. 'அப்படியானால் 64 பிட் கொண்ட இன்றைய கணிப்பொறியில் இடம் தாராளமாக இருக்குமே' என்று நீங்கள் கேட்கலாம். இடம் இருக்கும். ஆனால் ஏழு பிட்டுக்கு ஒருமுறை வெட்டச் சொல்லும் கட்டளை, எட்டு பிட் எழுத்தைத் தவறான இடத்தில் வெட்டிவிடும். எழுத்து எழுத்தாகவே இராது.

பழைய நிரல் புதிய கணிப்பொறியில் ஓடாமல் போவதன் காரணம் இப்போது புரிகிறதல்லவா? தான் பிறந்த இயந்திரத்தைப்பற்றிய பல நம்பிக்கைகளை நிரல் தனக்குள் வைத்திருக்கிறது. 'பெட்டிக்கு 36 பிட், எழுத்துக்கு 7 பிட்' என்பது அப்படி ஒரு நம்பிக்கை. அதை யாரும் நிரலில் தனியே எழுதி வைப்பதில்லை. அக்காலத்தில் அது எல்லோருக்கும் தெரிந்த செய்தி, எழுதுவானேன்?

முதல் வழி: பெயர்த்து எழுதுவது

நிரலை மனிதர் படிக்கக்கூடிய மொழியில் எழுதிய வடிவத்தை மூலநிரல் என்கிறோம். அது கையில் இருந்தால், ஒவ்வொரு வரியாகப் படித்து, பழைய இயந்திரத்தை நம்பியிருக்கும் இடங்களை மட்டும் மாற்றி, வேறு மொழியில் எழுதிவிடலாம். 1977-லேயே ஜிம் கில்லொக்லி என்பவர் அட்வெஞ்சரை ஃபோர்ட்ரானிலிருந்து சி மொழிக்குப் பெயர்த்தார். நீங்கள் பள்ளியில் கேள்விப்பட்டிருக்கக்கூடிய அதே சி மொழிதான்.

க்ரௌதரும் உட்ஸும் 1995-இல் உருவான ஒரு பதிப்பை எல்லோரும் பயன்படுத்த அனுமதி தந்தனர். அதன் அடிப்படையில் 2017-இல் எரிக் ரேமண்ட் என்பவர் 'ஓப்பன் அட்வெஞ்சர்' என்ற பெயரில் இன்றைய கணிப்பொறிகளுக்கான மூலநிரலை வெளியிட்டார். அதை யார் வேண்டுமானாலும் பெறலாம், படிக்கலாம், திருத்தலாம். இங்கே இரண்டு பொருள்கள் தேவைப்பட்டன என்பதைக் கவனியுங்கள். ஒன்று, மூலநிரல். மற்றொன்று, உரியவரின் அனுமதி. இவற்றில் ஒன்று குறைந்தாலும் இந்த வழி அடைபட்டுவிடும்.

இரண்டாம் வழி: இயந்திரத்தையே நிரலாக்குவது

உட்ஸ் விரிவாக்கிய பதிப்பு உலகெங்கும் பரவியதும் க்ரௌதர் முதலில் எழுதிய வடிவம் காணாமற்போனது. வெகுகாலம் அது அழிந்துவிட்டது என்றே எண்ணினார்கள். 2005-இல் ஸ்டான்ஃபோர்டில் உட்ஸின் பழைய மாணவர் கணக்கின் காப்புப் பிரதிக்குள் அது அகப்பட்டது. டென்னிஸ் ஜெர்ஸ் என்ற ஆய்வாளர் அதை ஆராய்ந்து, குகைக்கும் நேரில் சென்று ஒப்பிட்டு, 2007-இல் கட்டுரையாக வெளியிட்டார். அதுவரை கோடரி எறியும் குள்ளர்கள், மந்திரச் சொல் போன்ற கற்பனைகள் எல்லாம் உட்ஸ் சேர்த்தவை என்று பலர் நம்பியிருந்தனர். க்ரௌதரின் மூலத்திலேயே அவை இருப்பது தெரியவந்தது. சான்று கிடைத்ததும் வரலாறு திருத்தப்பட்டது.

இத்தகைய பழைய வடிவத்தை ஓர் எழுத்தும் மாற்றாமல் இயக்கிப் பார்க்க வேண்டுமானால் என்ன செய்வது? பிடிபி-10 வேண்டும். அதுதான் இல்லையே! ஆகவே பிடிபி-10-ஐப்போல நடிக்கும் ஒரு நிரலை எழுதுகிறார்கள். இத்தகைய நிரலுக்கு எமுலேட்டர் என்று பெயர்.

பிடிபி-10-இன் ஒரு கட்டளை சரியாக ஒரு பெட்டிக்குள் அடங்கும். என்ன செய்ய வேண்டும் என்பதற்கு 9 பிட். எந்தப் பதிவகத்தில் செய்ய வேண்டும் என்பதற்கு 4. முகவரியை எப்படிக் கணக்கிட வேண்டும் என்பதற்கு 1, மேலும் 4. நினைவக முகவரிக்கு 18. கூட்டிப் பாருங்கள், 36 வருகிறதா? எமுலேட்டர் ஒரு கட்டளையை எடுக்கிறது. இந்த ஐந்து துண்டுகளாகப் பிரிக்கிறது. இது கூட்டல் கட்டளையா, இடம்மாற்றும் கட்டளையா என்று பார்த்து, உண்மையான பிடிபி-10 என்ன செய்திருக்குமோ அதையே செய்கிறது. பிறகு அடுத்த கட்டளை. எடு, பிரி, செய். எடு, பிரி, செய். இதுதான் எமுலேட்டரின் முழு இரகசியமும். 'சிம்-எச்' என்ற இலவச எமுலேட்டர் பிடிபி-10 உட்படப் பல பழைய கணிப்பொறிகளாக நடிக்க வல்லது. பழைய நிரலுக்குத் தான் ஏமாற்றப்படுவதே தெரியாது!

எமுலேட்டர் சில சமயம் வேண்டுமென்றே மெதுவாகவும் நடிக்க வேண்டியிருக்கும். 1981-இல் வந்த ஐபிஎம் பிசியின் துடிப்பு நொடிக்கு 47.7 இலட்சம். அக்கால விளையாட்டுகள் சிலவற்றில், 'இத்தனை ஆயிரம் வரை எண்ணு, பிறகு நகர்' என்று நேரத்தைக் கணக்கிட்டிருந்தார்கள். இன்றைய கணிப்பொறியின் துடிப்போ நொடிக்குச் சில நூறு கோடி. எண்ணி முடிக்கக் கண்ணிமைப்பொழுதுகூட ஆகாது. எதிரி திரையில் தோன்றும் முன்பே உங்களைப் பிடித்துவிடுவான். 2002-இல் வெளிவந்த 'டாஸ்பாக்ஸ்' என்ற எமுலேட்டரில், நொடிக்கு எத்தனை கட்டளைகள் என்பதை நாமே கூட்டிக் குறைத்துக்கொள்ளலாம். அட்வெஞ்சருக்கு இந்தத் தொல்லை இல்லை. நீங்கள் தட்டும்வரை அது காத்திருக்கும்.

மூன்றாம் வழி: இல்லாத இயந்திரம்

மூன்றாவது வழி மிகவும் தந்திரமானது. அட்வெஞ்சரை விளையாடி மயங்கிய எம்ஐடி கல்விநிலையத்து நண்பர்கள் நால்வர், 1977-இல் 'ஸோர்க்' என்ற விளையாட்டை எழுதத் தொடங்கினர். அதுவும் பிடிபி-10-இல்தான் ஓடியது. 1979-இல் இன்ஃபோகாம் என்ற நிறுவனம் தொடங்கி, அதை வீட்டுக் கணிப்பொறிகளுக்கு விற்க விரும்பினார்கள். ஆனால் சந்தையில் இருந்த வீட்டுக் கணிப்பொறிகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு சாதி! ஒன்றின் நிரல் மற்றொன்றில் ஓடாது. 10 விளையாட்டு, 10 வகைக் கணிப்பொறி என்றால் 100 முறை பெயர்த்தெழுத வேண்டும்.

அவர்கள் எந்தக் கணிப்பொறிக்கும் எழுதவில்லை. உலகில் இல்லாத ஒரு கணிப்பொறியைக் காகிதத்தில் வடிவமைத்து, அதற்கு 'இசட் இயந்திரம்' என்று பெயரிட்டார்கள். எல்லா விளையாட்டுகளையும் அந்தக் கற்பனை இயந்திரத்துக்கே எழுதினார்கள். பிறகு ஒவ்வொரு வகைக் கணிப்பொறிக்கும், இசட் இயந்திரத்தைப்போல நடிக்கும் ஒரு சிறு நிரலை மட்டும் எழுதினால் போதும். 10 விளையாட்டு, 10 நடிப்பு நிரல், மொத்தம் 20. நூறெங்கே, இருபதெங்கே!

1989-இல் இன்ஃபோகாம் மூடப்பட்டது. ஆனால் ஆர்வலர்கள் இசட் இயந்திரத்தின் விதிகளை ஒவ்வொன்றாகக் கண்டறிந்து எழுதிவைத்தனர். கிரஹாம் நெல்சன் என்பவர் 1993-இல் அந்த இயந்திரத்துக்குப் புதிதாக விளையாட்டு எழுத உதவும் 'இன்ஃபார்ம்' என்ற மொழியை வெளியிட்டார். அதிலேயே அட்வெஞ்சரையும் எழுதிக் காட்டினார். ஆக, நம் குகை விளையாட்டு மூன்று வழிகளிலும் பிழைத்துக்கொண்டது. இன்று 'ஃப்ராட்ஸ்' போன்ற இலவச நிரல்கள் கைப்பேசியிலும் இசட் இயந்திரமாக நடிக்கின்றன.

படங்களுடன் வந்த சாகச விளையாட்டுகளுக்கும் இதே முறை கைகொடுத்தது. 1987-இல் லூகாஸ்ஃபிலிம் நிறுவனம் 'மேனியாக் மேன்ஷன்' விளையாட்டுக்காக 'ஸ்கம்' என்ற உள்மொழியை உருவாக்கிப் பின்வந்த பல விளையாட்டுகளுக்கும் அதையே பயன்படுத்தியது. 2001-இல் பிறந்த 'ஸ்கம்-விஎம்' என்ற இலவச நிரல் அந்த மொழியை வாசித்து விளையாட்டுகளை இயக்குகிறது. 1994-இல் வந்த 'பினீத் எ ஸ்டீல் ஸ்கை' என்ற விளையாட்டை அதன் உரிமையாளர்களே 2003-இல் இலவசமாக்கினர். ஸ்கம்-விஎம் இருந்தால் அதை இன்று யாரும் முறையாகப் பெற்று விளையாடலாம்.

விளையாட்டு மட்டும்தானா?

'ஒரு பழைய விளையாட்டுக்காக இவ்வளவு பாடா?' என்று உங்கள் வீட்டுப் பெரியவர்கள் கேட்கக்கூடும். அவர்களுக்கு இந்தச் செய்தியைச் சொல்லுங்கள். 1966, 67-ஆம் ஆண்டுகளில் அமெரிக்காவின் ஐந்து லூனார் ஆர்பிட்டர் விண்கலங்கள் சந்திரனைப் படம்பிடித்து அனுப்பின. அந்தத் தகவல்கள் அகன்ற காந்த நாடாக்களில் பதிவாயின. நாடாக்களைக் காத்து வைத்தார்கள். ஆனால் அவற்றைப் படிக்கும் ஆம்பெக்ஸ் இயந்திரங்கள் வழக்கொழிந்து போயின. பழுதான நிலையில் எஞ்சியிருந்த சில இயந்திரங்களைப் பழுதுபார்த்து உயிர்ப்பித்து, 2008-இல் முதல் படத்தை மீட்டார்கள். சந்திரனின் விளிம்புக்கு மேலே பூமி தெரியும் அந்தப் படம், 1966-இல் வெளியானதைவிடப் பல மடங்கு தெளிவாக இருந்தது. நாடா இருந்தது, இயந்திரத்தைப் புரிந்தவர்களும் இருந்தார்கள், அதனால் பிழைத்தது.

வானிலைப் பதிவு, மருத்துவ ஆய்வு, நில அளவை என இன்று எல்லாமே கணிப்பொறிக் கோப்புகள்தாம். இன்னும் ஐம்பது ஆண்டுகள் கழித்து அவற்றை யாராவது திறக்க வேண்டுமானால், கோப்பு மட்டும் இருந்தால் போதாது. அதை எப்படிப் படிப்பது என்ற விளக்கமும் உடனிருக்க வேண்டும்.

செய்து பாருங்கள்

லினக்ஸ் உள்ள கணிப்பொறி உங்கள் பள்ளியில் இருந்தால், ஆசிரியரின் அனுமதியுடன் 'பிஎஸ்டி-கேம்ஸ்' என்ற தொகுப்பை நிறுவி அட்வெஞ்சரை விளையாடிப் பாருங்கள். பக்கத்தில் காகிதமும் பென்சிலும் இருக்கட்டும். வரைபடம் போடாமல் இந்தக் குகையைவிட்டு வெளியேறுவது கடினம்! விளக்கை எடுக்க மறந்துவிடாதீர்கள்.

கணிப்பொறி இல்லையென்றாலும் கவலையில்லை. உங்கள் பள்ளியையே குகையாக்கி ஒரு தாளில் இப்படி எழுதுங்கள்:

இடம் 1: பள்ளி வாசல். வடக்கு – 2, கிழக்கு – 3.
இடம் 2: நூலகம். தெற்கு – 1. இங்கே சாவி இருக்கிறது.
இடம் 3: ஆய்வுக்கூடம். மேற்கு – 1. சாவி இருந்தால் மட்டுமே நுழையலாம்.

இப்படிப் பத்து இடங்கள் எழுதிய பிறகு, வேறு வகுப்பு நண்பர் ஒருவரிடம் தாளைக் கொடுங்கள். அவர்தான் இயந்திரம். மற்றொரு நண்பர் விளையாடட்டும். நீங்கள் வாய் திறக்கக் கூடாது. சாடையும் காட்டக் கூடாது. 'சாவியை எடுத்தபின் அது நூலகத்தில் இருக்குமா, இருக்காதா?' என்று இயந்திர நண்பர் திகைத்து நிற்பார், பாருங்கள். அவர் எங்கெல்லாம் திகைக்கிறாரோ அங்கெல்லாம் நீங்கள் எதையோ எழுதாமல் விட்டிருக்கிறீர்கள். உங்களுக்குத் தெரிந்தது எல்லோருக்கும் தெரியும் என்று எண்ணி விட்டீர்கள்.

பிடிபி-10 காலத்து நிரலாளர்கள் எழுதாமல் விட்டதும் அதுவேதான். ஒவ்வொரு திகைப்பையும் ஒரு விதியாகத் தாளில் சேர்த்துக்கொண்டே வாருங்கள். நீங்கள் அருகில் இல்லாதபோதும் அந்தத் தாளை மட்டும் வைத்து யாராலும் விளையாட முடிந்தால், உங்கள் விளையாட்டுக்கு நீண்ட ஆயுள் உண்டு என்று நம்பலாம்.